நடுக்கடல்ல ஏத்திக்கிட்டவங்கள எந்தக் கரையில இறக்குறது?

அலைவாய்:
ரெண்டு நாளா இன்னொரு திரியில அகதிப் படகு பத்தி பேச்சு ஓடிட்டு இருக்கு. அதுல ஒருத்தர் "சரக்குக் கப்பலுக்கு எதுக்கு இந்த வேலை, பார்த்தும் பார்க்காத மாதிரி போயிடணும்"னு எழுதியிருந்தார். படிச்சதுல இருந்து மனசு ஆறல, அதான் தனியா இந்தத் திரி.

2001 ஆகஸ்ட் 26. டாம்பானு ஒரு நார்வே கன்டெய்னர் கப்பல், ஃப்ரிமான்டில்ல இருந்து சிங்கப்பூர் போயிட்டு இருக்கு. இந்தோனேசியாவுல கிளம்பின 20 மீட்டர் மரப்படகு ஒண்ணு எஞ்சின் நின்னுபோய் கிறிஸ்துமஸ் தீவுக்கு வடக்க மிதக்குது. அதுல 400 பேருக்கு மேல, பெரும்பாலும் தாலிபான்கிட்ட இருந்து தப்பி வந்த ஆப்கன் ஹசாரா மக்கள், கைக்குழந்தையும் கர்ப்பிணிகளும் உண்டு. பக்கத்துல இருக்குற கப்பல் போங்கனு அறிவிச்சது ஆஸ்திரேலியாவோட மீட்பு மையம்தான். கேப்டன் ஆர்னே ரின்னன் போனார், அத்தனை பேரையும் ஏத்திக்கிட்டார், அவர் கப்பல்ல ஊழியர்களே மொத்தம் 27 பேருதான். ஏத்தி முடிச்ச பிறகு அதே ஆஸ்திரேலியா எங்க கடல் எல்லைக்குள்ள வராதேனு சொல்லிடுச்சு. வெயில்ல, இரும்பு டெக்கு மேல, கன்டெய்னருக்கு நடுவுல ஜனம் கிடக்குது, சிலர் மயங்கி விழுறாங்க. மருத்துவ உதவி கேட்டு கேட்டுப் பார்த்துட்டு 29ஆம் தேதி அவர் எல்லையத் தாண்டி உள்ள போனார். வந்தது துப்பாக்கியோட சிறப்புப் படை ராணுவம்.

அடுத்த வருஷம் அந்தக் கேப்டனுக்கும் ஊழியர்களுக்கும் ஐநா அகதிகள் ஆணையம் நான்சென் விருது கொடுத்துச்சு. ஏத்துனது சரியா தப்பானு எனக்குக் கேள்வியே இல்ல. அவரக் கூப்பிட்ட நாடே அவர அந்த நிலைமையில விட்டது நியாயமா?

எல்லைக்கல்:
கதைல பாதிய விட்டுட்டீங்க நண்பரே. கேப்டன் முதல்ல கப்பலத் திருப்புனது இந்தோனேசியாவுக்கு, மேராக் துறைமுகத்துக்கு. ஏறுனவங்கள்ல சிலர் கப்பல ஓட்டுற இடமான பிரிட்ஜுக்கே போய், கிறிஸ்துமஸ் தீவுக்குப் போகலைனா கடல்ல குதிச்சிடுவோம்னு சொன்ன பிறகுதான் அவர் திரும்புனார். உயிர் பிழைச்சதுக்கு அப்புறம் எந்த நாடுனு நாங்கதான் முடிவு பண்ணுவோம்னா அத மீட்புனு சொல்ல முடியுமா? பக்கத்துல இருக்குற பாதுகாப்பான கரை, அதோட முடிஞ்சுது கேப்டன் கடமை.

இன்னொண்ணும் சொல்றேன், கோவப்படாம கேளுங்க. 2001ல படகுல ஆஸ்திரேலியா வந்தவங்க 5000க்கு மேல. அரசாங்கம் இறக்க மாட்டேன்னு பிடிவாதமா நின்னு, பசிபிக்ல இருக்குற நவ்ரு தீவுக்கு அனுப்ப ஆரம்பிச்ச பிறகு 2002ல வந்தது ஒரே ஒரு ஆள்னு கணக்கு. படகே வரலைனா யாரும் மூழ்கவும் மாட்டாங்க. நான் மனசு இல்லாம பேசல, பிணக் கணக்கு குறையணும்னு நினைச்சுத்தான் பேசுறேன்.

கரையோரம்:
எல்லைக்கல் அண்ணா, டாம்பாவுக்குப் பேந்து, அதே வருசம் ஒக்டோபர் 19 என்ன நடந்ததெண்டு தெரியுமோ? இந்தோனேசியாவில இருந்து வெளிக்கிட்ட இன்னொரு வள்ளம் தாண்டு 353 பேர் செத்தவை, அரைவாசிக்குக் கிட்ட சின்னப்பிள்ளையள். மிச்சச் சொச்சத்தைக் காப்பாத்தினது மீன்பிடி வள்ளங்கள். ஆஸ்திரேலியா கதவைச் சாத்தினது உலகத்துக்கே தெரிஞ்ச பிறகும் அந்தச் சனம் ஏறினது. ஏன் ஏறினவை எண்டு ஒருக்கா யோசிச்சுப் பாருங்கோ.

நவ்ருவுக்குக் கொண்டுபோனவையில கனபேரைக் கடைசியில அகதியள் எண்டுதான் ஏற்றுக்கொண்டவை, கனபேர் வருசக்கணக்கா அடைபட்டுக் கிடந்திட்டு அதே ஆஸ்திரேலியாவிலயும் நியூசிலாந்திலயும்தான் குடியேறினவை. அப்ப அந்த வருசங்கள் ஆருக்காக?

செகண்ட் ஆபீசர்:
தம்பிங்களா, நான் 22 வருஷம் கப்பல்ல இருந்தவன், இப்ப கரைக்கு வந்துட்டேன். நீங்க பேசுறது எல்லாம் கரையில நின்னு பேசுறது, தப்பா எடுத்துக்காதீங்க. அந்த ராத்திரி பிரிட்ஜுல என்ன நடக்கும்னு சொல்றேன், பிறகு சண்டை போடுங்க.

2015 மே, லிபியாவுக்கு வடக்க, காலி எண்ணெய் டேங்கர், எடைக்குக் கடல் தண்ணி நிரப்பி, அதான் பாலாஸ்ட்ல போறோம். செகண்ட் ஆபீசருக்கு ராத்திரி 12லேர்ந்து 4 வரைக்கும் வாட்ச். ரோம் மீட்பு மையத்துல இருந்து அழைப்பு வருது, 18 மைல்ல ரப்பர் படகு, நீங்கதான் பக்கம். கேப்டன எழுப்புனேன். அந்த மனுஷன் முகத்துல அன்னைக்குப் பார்த்த பயத்த அதுக்கு முன்னாடி நான் பார்த்ததில்ல. காரணம், அதுக்கு ஒரு மாசம் முன்னாடிதான், ஏப்ரல் 18, கிங் ஜேக்கப்னு ஒரு சரக்குக் கப்பல் இதே மாதிரி உதவிக்குப் போச்சு. அகதிப் படகு அதும்மேல வந்து மோதி, ஜனம் ஒரு பக்கமா சாஞ்சு, கவுந்துபோய் 800 பேருக்கு மேல செத்தாங்க. பிழைச்சது 28 பேர். அந்தக் கப்பல்காரங்க ஒரு தப்பும் பண்ணல, கூப்பிட்ட இடத்துக்குப் போனாங்க, அவ்வளவுதான்.

காலிக் கப்பல்னா டெக்கு தண்ணியில இருந்து 12 மீட்டர் உயரத்துக்கு மேல நிக்கும். ரப்பர் படகுல இருக்குறவன் அண்ணாந்து பார்த்தா நாலு மாடிக்கு இரும்புச் சுவர். கப்பலக் குறுக்க நிறுத்தி காத்த மறைச்சுக் கொடுக்கணும், அப்பதான் மறைவுப் பக்கம் தண்ணி கொஞ்சம் அடங்கும், ஆனா அதே காத்துல கப்பல் நகர்ந்து படகு மேல ஏறிடவும் கூடும். புரொப்பல்லர் சுத்தக் கூடாது. கப்பல் பக்கவாட்டுப் படிக்கட்டான கேங்வேய இறக்கி அதோட பைலட் ஏணிங்குற கயித்து ஏணியச் சேர்த்துக் கட்டுனோம். ஏணியப் பார்த்ததும் எல்லாரும் ஒரே நேரத்துல எந்திரிச்சா படகு மடிஞ்சுடும். உட்காருங்க உட்காருங்கனு எங்க பம்ப்மேன் மெகாபோன்ல அரபியில கத்துறான், அவனுக்குத் தெரிஞ்ச அரபி அந்த ஒரு வார்த்தைதான்.

94 பேர ஏத்த அஞ்சு மணி நேரம். நடுவுல உட்கார்ந்திருந்த பொம்பளைங்க சில பேருக்கு இடுப்புக்குக் கீழ தோலு வெந்து போயிருந்துச்சு. படகுக்கு அடியில பெட்ரோலும் உப்புத் தண்ணியும் கலந்து தேங்கி நிக்கும், மணிக்கணக்கா அதுலயே உட்கார்ந்தா அப்படித்தான் ஆகும். நாங்க 22 பேர், கப்பல்ல டாக்டர் கிடையாது, மருந்துப் பெட்டி சீஃப் ஆபீசர்கிட்ட. டேங்குல கேஸ் இருக்குற கப்பல், ஒருத்தர் சிகரெட் பத்த வச்சாலும் எல்லாரும் காலி, அதனால ஏறுற ஒவ்வொருத்தர்கிட்டயும் லைட்டர் வாங்கி பக்கெட்டுல போட்டோம்.

நடுவுல கம்பெனி ஆபீஸ்ல இருந்து சாட்டிலைட் போன்ல "வேற கப்பல் ஏதும் வருதா பாருங்க, கொஞ்சம் காத்திருக்கலாமே"னு ஒருத்தர் கேட்டார். கேப்டன் பதிலே சொல்லாம போன வச்சார். அந்த வருஷம் ரோம் சொன்ன சிசிலி துறைமுகத்துல ரெண்டாம் நாள் எல்லாரையும் இறக்கிட்டோம். அதனாலதான் எங்களுக்கு அது நல்லபடியா முடிஞ்ச சம்பவம்.

அலைவாய்:
அண்ணே, இத எழுதினதுக்கு நன்றி. லைட்டர் பக்கெட் விஷயமெல்லாம் எங்கயும் படிச்சதில்ல.

எல்லைக்கல்:
அண்ணே உங்க மேல மரியாதை கூடிடுச்சு, நிஜமாவே. உங்கள மாதிரி வழியில போற கப்பல் எதிர்பாராம பார்த்து ஏத்துறதுக்கு நான் எதிரி இல்ல. கடல்ல தத்தளிக்கிறவன விட்டுட்டுப் போறவன் மனுஷனே இல்ல. என் எதிர்ப்பு, அதுக்குனே கிளம்பி லிபியா கரைக்கு வெளிய போய் நிக்கிற தொண்டு நிறுவனக் கப்பல் மேல. முன்னெல்லாம் ஆள் கடத்துற ஏஜென்ட் மரப்படகு வாங்கணும், ஓரளவு எரிபொருள் போடணும், இத்தாலி வரைக்கும் போய்ச் சேரணுமே. பக்கத்துலயே மீட்பு இருக்குனு ஆனதும் மலிவு ரப்பர் படகுல அடைச்சு, லிபியாவோட 12 மைல் கடல் எல்லையத் தாண்டுற அளவுக்கு மட்டும் பெட்ரோல் ஊத்தி அனுப்புறான். இது நான் கற்பனையா சொல்லல, பொருளாதார ஆய்வாளர்களே தரவு வச்சு எழுதியிருக்காங்க. அண்ணன் பார்த்த அந்த வெந்த தோலு, அந்த ரப்பர் படகு வந்ததுனால வந்தது. நல்ல மனசோட செய்யுற காரியம் கெட்டவன் கைக்கு லாபமா போகுதுங்குறதத்தான் சொல்றேன்.

அலைவாய்:
ரப்பர் படகு பெருகுனது உண்மை, அத மறுக்கல. ஆனா மரப்படகுகளப் பிடிச்சு எரிக்கணும்னு 2015ல ஐரோப்பிய ஒன்றியமே கடற்படைய இறக்குச்சே, அதுவும் ஒரு காரணம். ஏஜென்டுக்கு எது மலிவோ அதுக்குப் போவான்.

நீங்க சொல்ற அந்த வாதத்த ஒரு தடவை நிஜமாவே செஞ்சு பார்த்தாங்க. 2013 அக்டோபர்ல இத்தாலியோட லாம்பெடூசா தீவு பக்கத்துல 360க்கு மேல செத்த பிறகு இத்தாலி மாரே நோஸ்ட்ரும்னு கடற்படை மீட்புத் திட்டம் ஆரம்பிச்சுது, மாசம் 90 லட்சம் யூரோ செலவு, ஒரு வருஷத்துல ஒரு லட்சத்துக்கும் ரொம்ப மேல மீட்டாங்க. இது ஆள இழுக்குதுனு சொல்லித்தான் 2014 கடைசில நிறுத்துனாங்க. ஆள் நின்னாங்களா? அடுத்த வசந்தத்துல ஏப்ரல் ஒரே மாசத்துல ஆயிரத்துக்கு மேல செத்தாங்க. அண்ணன் சொன்ன கிங் ஜேக்கப் சம்பவம் அதே மாசம்தான். பயிற்சி எடுத்த, மீட்புக்குனே படகு வச்சிருந்த கப்பல்களத் திரும்பக் கூப்பிட்டுட்டு அந்த வேலைய 12 மீட்டர் உயர சரக்குக் கப்பல் தலையில கட்டுனாங்க. தொண்டு நிறுவனங்க கடலுக்கு வந்ததே பெரும்பாலும் அந்தக் காலி இடத்துலதான். 2023ல ஒரு ஆய்வு 2011லேர்ந்து 2020 வரைக்கும் மத்தியதரைக்கடல் தரவுகளப் பார்த்துட்டு, மீட்புக் கப்பல் இருக்குறதால கடக்க முயற்சி பண்றவங்க கூடலைனு சொல்லுச்சு. போர், பஞ்சம், வானிலை, இதுதான் கணக்க மாத்துது.

ஏஜென்டோட கூட்டுனு சொல்லி 2017ல யுவென்டாங்குற ஜெர்மன் தொண்டு நிறுவனக் கப்பலப் பறிமுதல் பண்ணாங்க. வழக்கு ஏழு வருஷம் கிட்ட இழுத்து, 2024ல டிராபானி நீதிமன்றம் தள்ளுபடி பண்ணிடுச்சு. அதுக்குள்ள கப்பல் துறைமுகத்துலயே துருப்பிடிச்சுப் போச்சு.

மழைக்காலம்:
நான் எல்லைக்கல் பக்கம். இதுல யாரும் லாம்பெடூசால இருக்குறவங்களப் பத்திப் பேசல. சின்னத் தீவு, 6000 பேரு, ஒரே வாரத்துல அத விட அதிகமா ஆள் இறங்குனா தண்ணி, படுக்கை, ஆஸ்பத்திரி எல்லாம் யாரு பார்க்குறது? முதல்ல இறங்குற நாடுதான் அகதி விண்ணப்பத்தப் பார்க்கணும்னு ஐரோப்பிய ஒன்றியத்துல டப்ளின் விதி வச்சுட்டு வடக்க இருக்குற பணக்கார நாடுகள் ஒதுங்கிடுச்சு. இத்தாலியும் மால்டாவும் கதவச் சாத்துறது கெட்ட எண்ணத்துல மட்டும் இல்ல.

அலைவாய்:
மழைக்காலம், நீங்க சொல்றதுல நூத்துக்கு நூறு ஒத்துக்குறேன். அந்தக் கோவத்த பெர்லின் மேலயும் பாரிஸ் மேலயும் காட்டணும். கப்பல்ல வாந்தி எடுத்துட்டு கிடக்குற குழந்தைய வச்சு பேரம் பேசக் கூடாது. 2019ல சீ வாட்ச் 3ங்குற தொண்டு நிறுவனக் கப்பல் அப்படித்தான், 53 பேர ஏத்திட்டு ரெண்டு வாரத்துக்கு மேல லாம்பெடூசா வெளிய நின்னுச்சு. நோயாளிகளக் கொஞ்சம் கொஞ்சமா இறக்கி மிச்சம் 40 பேர். கடைசில கேப்டன் கரோலா ரக்கேட்டே அனுமதி இல்லாமயே உள்ள போனாங்க, கைதானாங்க, சில நாள்லயே நீதிபதி விடுவிச்சார், 2020ல உச்ச நீதிமன்றமும் கைது தப்புனு சொல்லிடுச்சு.

எல்லைக்கல்:
உள்ள போறப்ப காவல் படகு ஒண்ண துறைமுகச் சுவரோட நசுக்கப் பார்த்தாங்களே, அதையும் சேர்த்துச் சொல்லுங்க. அந்தப் படகுல இருந்தவங்களும் உயிர்தானே.

அலைவாய்:
ஆமா, மோதுச்சு. யாருக்கும் அடிபடல, பிறகு அவங்க வருத்தம் தெரிவிச்சாங்க. ஆனாலும் அது நடந்திருக்கக் கூடாதுதான்.

செகண்ட் ஆபீசர்:
தொண்டு நிறுவனக் கப்பலுக்கு வக்கீல் இருக்கு, பத்திரிகை இருக்கு, ஆதரவா ஊர்வலம் போக ஆள் இருக்கு. சாதாரண சரக்குக் கப்பல் கேப்டனுக்கு யாரு இருக்கா?

2020 ஆகஸ்ட்ல மேர்ஸ்க் எட்டியன்னு ஒரு டேங்கர், மால்டா கேட்டுக்கிட்டதாலதான் 27 பேர ஏத்துச்சு, அதுல ஒரு கர்ப்பிணி. ஏத்துன பிறகு மால்டா இறக்க விடல. அஞ்சு வாரத்துக்கு மேல கடல்லயே நின்னாங்க. விரக்தியில மூணு பேர் கடல்ல குதிச்சு, ஊழியர்களே திரும்பத் தூக்குனாங்க. கடைசில ஒரு தொண்டு நிறுவனக் கப்பல் வந்து மாத்திக்கிட்டு சிசிலில இறக்குச்சு.

சரி, லிபியாவுலயே இறக்கிடலாமேனு கேப்பீங்க. 2018ல அஸ்ஸோ 28னு ஒரு இத்தாலியக் கப்பல், எண்ணெய் மேடைக்கு வேலை செய்யுற கப்பல், 101 பேர ஏத்தி திரிபோலிக்குத் திருப்பிக் கொண்டுபோய் விட்டுச்சு. அந்தக் கேப்டனுக்கு ஒரு வருஷம் தண்டனை, 2024ல இத்தாலி உச்ச நீதிமன்றம் அத உறுதிப்படுத்திடுச்சு. தீர்ப்பு சரிதான், லிபியா முகாம்ல அடி உதை சித்திரவதை எல்லாம் உலகம் அறிஞ்சது, அத பாதுகாப்பான இடம்னு யாரும் சொல்ல முடியாது. ஆனா அந்த நாற்காலியில உட்கார்ந்து பாருங்க தம்பி, வடக்க போனா கைது, தெற்க போனா தண்டனை, நின்னா அஞ்சு வாரம், ஏத்தாமப் போனா சட்டப்படியும் குத்தம், ஆயுசுக்கும் தூக்கம் வராது.

அலைவாய்:
இதுல சட்டம் தெளிவாதான் இருக்கு அண்ணே. ஆபத்துல இருக்குறவங்கள அவங்க எந்த நாடு, என்ன பத்திரம் வச்சிருக்காங்கனு பார்க்காம காப்பாத்தணும்னு கடல்ல உயிர் பாதுகாப்புக்கான சோலாஸ் ஒப்பந்தமும் ஐநா கடல் சட்டத்துல 98ஆவது பிரிவும் கேப்டன் மேல கடமை வைக்குது. டாம்பாவுக்குப் பிறகு 2004ல சோலாஸையும் 1979 மீட்பு ஒப்பந்தத்தையும் திருத்தி, கேப்டன அதிக நாள் அலைய விடாம பாதுகாப்பான இடத்த ஏற்பாடு பண்றது அந்தக் கடல் பகுதிக்குப் பொறுப்பான நாட்டோட வேலைனு சேர்த்தாங்க, 2006 ஜூலைலேர்ந்து அமல்ல இருக்கு. மால்டா அந்தத் திருத்தத்த ஏத்துக்கல. ஏத்துக்கிட்ட நாடுகளும் எத்தனை நாளுக்குள்ளனு ஒரு கணக்கு எழுதி வைக்கல. ஓட்டை அங்கதான்.

எல்லைக்கல்:
சட்டத்துல அந்த நாள் கணக்கு இல்லாதது தற்செயல் இல்ல, எந்த நாடும் அதுக்கு ஒத்துக்காது. சரி, கரையோரத்துக்கிட்ட ஒண்ணு கேக்கணும். 1986ல கனடா நியூஃபவுண்ட்லாந்து கடல்ல 155 இலங்கைத் தமிழர்கள மீன்பிடிப் படகுக்காரங்க காப்பாத்துனத எல்லாரும் பெருமையா சொல்றோம். இந்தியாவுல இருந்து வந்தோம்னு முதல்ல சொன்னாங்க. பிறகு பார்த்தா மேற்கு ஜெர்மனியில இருந்து கப்பல் ஏறியிருக்காங்க, பாதுகாப்பான நாடுதானே அது. அப்ப மீட்ட நாட்டுக்கு ஏமாத்தப்பட்ட உணர்வு வராதா?

கரையோரம்:
ஓம் அண்ணா, பொய் சொன்னவை. மறைக்க ஒண்டுமில்லை. கூட்டிக்கொண்டு வந்த கப்பல்காரன் காசை வாங்கிப்போட்டு, ரெண்டு உயிர்காப்புப் படகில 155 பேரையும் அத்திலாந்திக்கில இறக்கி விட்டிட்டுப் போட்டான். மூண்டு நாளா பனிமூட்டத்துக்குள்ள, கரை எந்தப் பக்கமெண்டு தெரியாமல். அந்த நிலையில ஆரோ கேட்டால் பயத்தில சொல்லிக்குடுத்ததைத்தான் வாய் சொல்லும். 83 கலவரம் நடந்து மூண்டு வருசம்தான், ஜெர்மனியில வேலை செய்ய விடாமல், எப்ப திருப்பி அனுப்புவாங்களோ எண்டு இருந்த சனம்.

ஆனா ஒண்டு கவனியுங்கோ. ஆகஸ்ட் 11 அண்டைக்கு அந்த வள்ளங்களைக் கண்ட கப்டன் கஸ் டால்டன் எங்கயிருந்து வாறியள் எண்டு பார்த்துப்போட்டு ஏத்தேல்லை. ஏத்திப்போட்டு மற்ற மீன்பிடி வள்ளங்களையும் கூப்பிட்டவர். கேள்வியள் பிறகு கரையில வந்தது, பொய்யும் கரையில வெளிச்சது. உண்மை தெரிஞ்ச பிறகும் கனடா திருப்பி அனுப்பேல்லை, ஒரு வருசம் இருந்து வேலை செய்ய அனுமதி குடுத்தது. 30 வருசம் கழிச்சு, 2016இல, அவையில சிலர் திரும்பப் போய் அந்தக் கப்டனைக் கண்டவை.

2022 நவம்பரிலயும் எங்கட ஆக்கள்தான், 300 பேருக்கு மேல, வியட்நாமுக்கு அங்கால தாழத் தொடங்கின கப்பலில இருந்து ஜப்பான் கொடி போட்ட ஹீலியோஸ் லீடர் எண்ட சரக்குக் கப்பல் ஏத்திக்கொண்டுபோய் வுங் தாவில இறக்கினது. அதில கன பேர் பிறகு இலங்கைக்கே திரும்பினவை. நாடு விசாரிச்சு முடிவெடுக்கட்டும், அதுக்கு நான் எதிரில்லை. விசாரிக்க ஆள் உயிரோட இருக்க வேணும்.

எல்லைக்கல்:
சரி. ஏஜென்ட் விஷயத்துல நான் மாறல, பிறகும் பேசுவேன். ஆனா ஏத்துறதும் விசாரிக்கிறதும் வேற வேறங்குறத ஒத்துக்குறேன், துறைமுகத்த பேரத்துக்கு வச்சுக்கக் கூடாதுங்குறதும் சரிதான். நேரக் கெடு எழுதணும்னா எத்தனை நாள்னு எழுதுறது? அண்ணே, அந்த 94 பேரோட உங்களுக்குத் துறைமுகம் கிடைக்காமப் போயிருந்தா எத்தனை நாள் தாங்கியிருப்பீங்க?

செகண்ட் ஆபீசர்:
அந்தக் கணக்க அன்னைக்கே போட்டோம் தம்பி. சீஃப் குக்கு அரிசி மூட்டைய எண்ணிட்டு வந்து ஒன்பது நாள்னு சொன்னார், அதுவும் ஒரு நாளைக்கு ரெண்டு வேளை. காய்கறி மூணு நாள். தண்ணிதான் எல்லாரையும் யோசிக்க வச்சுது. கப்பல்ல நல்ல தண்ணி கடல் தண்ணியில இருந்து செய்யுறது, அந்த மெஷினுக்கு மெயின் எஞ்சின் ஓடுற சூடு வேணும். கப்பல் ஓடுனா தண்ணி வரும். எங்கயும் போகாதேனு நிறுத்தி வச்சா எஞ்சின் நிக்கும், தண்ணியும் நிக்கும், டேங்குல இருக்குறதுதான் மிச்சம். சீஃப் எஞ்சினியர் குளிக்குறதுக்குத் தடை போட்டு ஆறு நாள்னு எழுதிக் கொடுத்தார். தோலு வெந்திருந்த பொம்பளைங்களுக்கு மட்டும் கழுவ தண்ணி தனியா ஒதுக்கணும்னு கேப்டன் சொன்னார், அதோட அஞ்சு நாளாச்சு.

ஆறாவது நாள் பத்தி அந்த பிரிட்ஜுல யாரும் வாயத் திறக்கல.